வேலைத்தளத்தில் அடிபட்டால் நட்டஈடு எடுப்பது எப்படி? மட்டக்களப்பு, அம்பாறைத் தொழிலாளர்களுக்கு ஒரு வழிகாட்டி

அரிசி ஆலைப் பெல்ட்டில் கை அகப்பட்டவர், சாரத்திலிருந்து விழுந்த மேசன், மரம் அரியும் வாள் மேசையில் விரலைக் கொடுத்த ஓடாவி, கரும்பு லோட் ஏற்றும்போது கால் நசுங்கியவர். யாராக இருந்தாலும் வீட்டுக்காரர் முதலில் கேட்பது “எவ்வளவு கிடைக்கும்?” என்றுதான். கணக்கைப் பிறகு பார்க்கலாம். அதற்கு முன்னால் இரண்டு கேள்விக்கு உங்களிடம் எழுத்தில் பதில் இருக்க வேண்டும். அந்த முதலாளியிடம்தான் வேலை செய்தீர்கள் என்பதற்கு என்ன சாட்சி? அந்த வேலையில்தான் அடிபட்டது என்பதற்கு என்ன சாட்சி? நம்ம பக்கத்தில் நட்டஈடு கிடைக்காமல் திரும்பியவர்களில் பெரும்பாலானோருக்குச் சட்டம் சாதகமாகத்தான் இருந்தது. கையில் ஒரு துண்டுக் கடதாசி இல்லாததால்தான் விட்டுப்போனது. அதனால் இந்தக் கட்டுரை முதல் சில வாரங்களைப் பற்றித்தான் கூடுதலாகப் பேசும்.

சட்டம் யாருக்கு, எதற்கு

இலங்கையில் இதற்கென்றே இருப்பது 1934ஆம் ஆண்டின் 19ஆம் இலக்க வேலையாட்கள் நட்டஈட்டுக் கட்டளைச் சட்டம். வெள்ளைக்காரன் காலத்துச் சட்டம்தான், ஆனால் பல தடவை திருத்தப்பட்டிருக்கிறது. வேலை காரணமாகவும் வேலை நேரத்திலும் நடந்த விபத்தில் தொழிலாளிக்குக் காயம் ஏற்பட்டால், வேலை கொடுத்தவர் நட்டஈடு கொடுக்க வேண்டும் என்பது இதன் சாரம்.

பலருக்குத் தெரியாத ஒரு விஷயத்தை இங்கேயே சொல்லிவிடுகிறேன். முதலாளி பிழை விட்டார் என்று நீங்கள் நிரூபிக்கத் தேவையில்லை. “அவன் கவனமில்லாமல் கையை விட்டான், நான் என்ன செய்ய?” என்ற கதை இந்தச் சட்டத்தின் முன் நிற்காது. கவலையீனம் என்பதற்காக மட்டும் உரிமை போய்விடாது. உரிமை போகிற இடங்கள் வேறு. மது அல்லது போதையில் இருந்ததால்தான் விபத்து நடந்தது என்றால், பாதுகாப்புக்காகத் தெளிவாகச் சொல்லப்பட்ட விதியை வேண்டுமென்றே மீறினால், மிசினின் பாதுகாப்பு மூடியை வேண்டுமென்றே கழற்றினால் முதலாளி தப்பிக்கலாம். மூன்று நாளைக்கு மேல் வேலை செய்ய முடியாத அளவுக்குப் போகாத சின்னக் காயங்களும் இதில் வராது.

அரசாங்க வேலையாட்களும் தனியார் வேலையாட்களும் இதற்குள் அடங்குவார்கள். முப்படையினரும் பொலிசாரும் அடங்கமாட்டார்கள், அவர்களுக்கு வேறு ஏற்பாடு. நியமனக் கடிதம் இல்லை, நாள் சம்பளம், ஈ.பி.எப் (ஊழியர் சேமலாப நிதி) கட்டவில்லை என்பவையெல்லாம் முதலாளி சொல்லும் சாட்டுகள். ஈ.பி.எப் கட்டாதது அவர் செய்த இன்னொரு குற்றம். அது உங்கள் உரிமையை எப்படிக் குறைக்கும்?

2022இல் வந்த திருத்தத்தில் இரண்டு பெரிய மாற்றம். ஒன்று, வீட்டிலிருந்து வேலைக்குப் போகும்போதும் வேலை முடிந்து வீடு திரும்பும்போதும் நடக்கும் விபத்துகளும் சேர்க்கப்பட்டன. ஏறாவூரிலிருந்து மட்டக்களப்புக்கு விடியப்புறம் மோட்டார் சைக்கிளில் வேலைக்கு வருகிறவர்களுக்கு இது பெரிய விஷயம். மற்றது, உச்சத் தொகை 5 இலட்சத்து 50 ஆயிரம் ரூபாவிலிருந்து 20 இலட்சம் ரூபாவாக உயர்ந்தது. ஊரில் இன்னும் பழைய தொகையைச் சொல்லித்தான் பேரம் பேசுகிறார்கள், கவனம்.

சொந்தத் தோணியில் போகிறவர், சொந்த வயலில் வேலை செய்கிறவர் இந்தச் சட்டத்தில் வேலையாள் ஆகமாட்டார். வாழைச்சேனைத் துறைமுகத்திலிருந்து ஆழ்கடல் போட்டில் பங்குக்குப் போகிறவர்களின் விஷயத்தில் “வேலையாளா, பங்காளியா” என்று வாதம் எழும். அப்படியானவர்கள் கடிதம் எதுவும் எழுதுவதற்கு முன்னால் ஒரு சட்டத்தரணியைக் கேட்பது நல்லது.

முதலாவது: ஆஸ்பத்திரியில் சொல்லும் வார்த்தை

அடிபட்டவரை ஆஸ்பத்திரிக்குக் கொண்டுவருவது அநேகமாக வேலைத்தள ஆள்தான். விபத்துப் பிரிவில் தாதி கேட்பார்: “என்ன நடந்த?” வலியில் இருப்பவர் வாய் திறப்பதற்கு முன்னால் கூட வந்தவர் முந்திக்கொண்டு, “வீட்டுல வழுக்கி விழுந்தவர் மிஸ்” என்பார். பொலிஸ் கேஸ் ஆகாமல் இருக்கத்தான் இந்த வேலை. தாதி அதையே எழுதுவார், டொக்டர் அதைப் பார்த்து எழுதுவார், துண்டு வெட்டி வீட்டுக்கு அனுப்பும்போது தரும் டயக்னோசிஸ் காட் என்ற நோய் விபர அட்டையிலும் அதுவே வரும். ஒரு வருடம் கழித்து விசாரணையில் முதலாளியின் சட்டத்தரணி தூக்கிக் காட்டுவதும் அதே வரிதான்.

ஆகவே மட்டக்களப்பு போதனா வைத்தியசாலையோ, கல்முனை அஷ்ரப் ஞாபகார்த்த வைத்தியசாலையோ, அக்கரைப்பற்றோ, அம்பாறையோ, எங்கே கொண்டுபோனாலும் அடிபட்டவர் தன் வாயாலேயே சொல்ல வேண்டும்: “வேலை செய்துகொண்டிருக்கும்போது இன்ன மிசினில் அகப்பட்டது.” அவருக்குப் பேச முடியாவிட்டால் வீட்டுக்காரர் வந்த உடனே வாட்டு டொக்டரிடம் சொல்லித் திருத்த வேண்டும். அன்றைக்கே சொன்னால் திருத்துவார்கள். ஆறு மாதம் கழித்துக் கேட்டால் யார் திருத்துவார்?

வாட்டில் இருக்கும்போதே செய்ய வேண்டிய இன்னும் சில வேலை உண்டு. ஆஸ்பத்திரிப் பொலிசிடம் வாக்குமூலம் கொடுங்கள், அதிலும் வேலைத்தளத்தின் பெயர் வர வேண்டும். சட்ட வைத்திய அதிகாரி பார்க்க வந்தால் மறைக்காமல் சொல்லுங்கள். கட்டு அவிழ்க்கும்போது காயத்தைப் போனில் படம் எடுத்து வையுங்கள். கட்டில் தலைமாட்டுச் சீட்டின் இலக்கத்தை, அதாவது பி.எச்.டி இலக்கத்தை, ஒரு கொப்பியில் எழுதி வையுங்கள். பிறகு பதிவேட்டைத் தேட அதுதான் திறப்பு.

இரண்டாவது: பொலிஸ் என்ட்ரி

“தம்பி, ஆஸ்பத்திரிச் செலவெல்லாம் நான் பாத்துக்கிறன். பொலிசு கிலிசு எண்டு போய் அலைக்கழியாத.” இந்த வசனத்தை நம்ம பக்கத்தில் கேட்காத தொழிலாளி இல்லை. சொல்கிறவர் நல்ல மனுசனாகவும் இருக்கலாம். ஆனால் முறைப்பாடு போடுவது அவரைச் சிறைக்கு அனுப்புவதற்கு அல்ல. இன்ன திகதி, இன்ன நேரம், இன்ன இடத்தில் இது நடந்தது என்று அரசாங்கப் புத்தகத்தில் ஒரு பதிவு வேண்டும், அவ்வளவுதான். அந்த முறையிலேயே முதலாளிக்கும் எடுத்துச் சொல்லலாம். இன்சூரன்ஸ் எடுத்து வைத்திருக்கும் முதலாளி என்றால் அவருக்கே அந்தப் பதிவு தேவைப்படும்.

வேலைத்தளம் எந்தப் பொலிஸ் பிரிவுக்குள் வருகிறதோ அங்கே போங்கள். நீங்கள் வசிக்கும் பிரிவு அல்ல. செங்கலடியில் வீடு, சம்மாந்துறையில் வேலை என்றால் சம்மாந்துறைக்குத்தான் போக வேண்டும். நீங்கள் சொன்னதைத் தமிழில் எழுதச் சொல்லி, வாசித்துப் பார்த்தபிறகு கையொப்பம் வையுங்கள். வேறு மொழியில் எழுதி “இதில ஒப்பம் வைங்க” என்றால், என்ன எழுதியிருக்கிறது என்று தெரியாமல் வைக்க வேண்டாம். முறைப்பாட்டின் இலக்கத்தைக் கேட்டு வாங்குங்கள். பிற்பாடு பணம் கட்டி அதன் பிரதியை எடுக்கலாம்.

மூன்றாவது: முதலாளிக்கு எழுத்தில் அறிவித்தல்

விபத்தை இயன்ற அளவு சீக்கிரம் வேலை கொடுத்தவருக்கு அறிவிக்க வேண்டும் என்று சட்டம் சொல்கிறது. “அவருக்குத்தான் தெரியுமே, அவர்தானே ஆஸ்பத்திரிக்குக் கொண்டுவந்தார்” என்று விட்டுவிடாதீர்கள். ஒரு பக்கக் கடிதம் போதும். ஒரு ஆலைத் தொழிலாளி எழுதுவதாக வைத்துக்கொண்டால் இப்படி இருக்கலாம்:

“ஐயா, நான் உங்கள் அரிசி ஆலையில் கடந்த இரண்டு வருடமாக நாள் சம்பளத்துக்கு வேலை செய்கிறேன். இம்மாதம் 4ஆம் திகதி காலை பத்தரை மணியளவில் தவிட்டு மூட்டை கட்டும் இடத்தில் வேலை செய்துகொண்டிருந்தபோது, மூடி இல்லாத பெல்ட்டில் என் வலது கை அகப்பட்டு இரண்டு விரல்கள் போய்விட்டன. அதே நாளில் ஆஸ்பத்திரியில் அனுமதிக்கப்பட்டேன். என்னோடு வேலை செய்த இருவர் இதைக் கண்டார்கள். வேலையாட்கள் நட்டஈட்டுக் கட்டளைச் சட்டத்தின்படி எனக்கு உரிய நட்டஈட்டைத் தரும்படி கேட்டுக்கொள்கிறேன்.”

திகதி, இடம், எந்த மிசின், எந்த உறுப்பு, எவ்வளவு காலமாக வேலை. இதற்கு மேல் கோபமும் வேண்டாம், கெஞ்சலும் வேண்டாம். பதிவுத் தபாலில் அனுப்பி, தபால் கந்தோர் தரும் சிட்டையை உங்கள் பிரதியோடு குத்தி வையுங்கள். கடிதம் வாங்க மறுத்துத் திரும்பி வந்தால் உறையைப் பிரிக்காமல் அப்படியே வையுங்கள். பிரிக்காத உறையும் சாட்சிதான்.

கடிதம் கிடைத்தபிறகு முதலாளி தன் செலவில் ஒரு தகுதியான டொக்டரிடம் உங்களைக் காட்டக் கேட்டால் மறுக்காமல் போங்கள். நியாயமான காரணம் இல்லாமல் மறுத்தால் நட்டஈட்டு உரிமையை அதுவரைக்கும் நிறுத்தி வைக்க இடமுண்டு. ஆனால் அங்கே எந்தப் படிவத்திலும் வாசிக்காமல் ஒப்பம் வைக்காதீர்கள்.

நான்காவது: “இவர் என்னிடம் வேலை செய்யவே இல்லை”

வழக்கு உடைகிற இடம் இதுதான். நியமனக் கடிதமும் சம்பளச் சீட்டும் இருந்தால் கவலை இல்லை. ஆனால் சித்தாள் வேலைக்கோ செங்கல் சூளைக்கோ யார் நியமனக் கடிதம் கொடுக்கிறார்கள்? அப்படியென்றால் சின்னச் சின்னத் துண்டுகளைப் பொறுக்க வேண்டியதுதான்.

போனை முதலில் பாருங்கள். “நாளைக்கு ஆறு மணிக்கு வா” என்று மேற்பார்வையாளர் அனுப்பிய வாட்ஸ்அப் குரல் பதிவு, வேலைத்தளத்தில் எடுத்த படம், சம்பளம் வங்கிக்கு வந்த செய்தி, ஈசி கேஷில் வந்த காசு எல்லாம் சாட்சி. விபத்து நடந்த உடனே போனை மாற்றவோ அழிக்கவோ வேண்டாம், வேறு ஒரு போனிலும் பிரதி எடுத்து வையுங்கள். அப்புறம் சாமான் இறக்கிய பில்லில் நீங்கள் வைத்த ஒப்பம், கணக்குப்பிள்ளை நாள் குறித்த கொப்பிப் பக்கம், வேலைத்தளத்தில் தந்த தலைக்கவசமோ பெயரட்டையோ. இவற்றில் ஒன்று தனியாக நின்றால் பலமில்லை, நாலைந்து சேர்ந்தால் முதலாளியால் மறுக்க முடியாது.

கூட வேலை செய்தவர்கள் சாட்சி சொல்லத் தயங்குவார்கள். அவர்களுக்கும் அதே முதலாளிதானே சோறு போடுகிறார். அதனால் முதல் கிழமையிலேயே, சூடு ஆறுவதற்கு முன்னால், சமாதான நீதவான் முன்னிலையில் சத்தியக் கடதாசி எடுத்துவிடுங்கள். வேலையை விட்டு ஏற்கெனவே விலகிய ஒருவர் கிடைத்தால் இன்னும் நல்லது, அவருக்குப் பயம் குறைவு.

கொந்தராத்து வேலையில் இன்னொரு முடிச்சு. வீதி வேலை, தண்ணீர்க் குழாய் வேலை, பாடசாலைக் கட்டடம் என்று பெரிய கொந்தராத்துக்காரர் எடுத்து, சப் கொந்தராத்துக்குக் கொடுத்து, அவர் ஒரு பாஸிடம் (தலைமை மேசனிடம்) கொடுத்து, அவர் உங்களைக் கூப்பிட்டிருப்பார். அடிபட்டதும் பாஸ் கையை விரிப்பார், அவரிடம் உண்மையிலேயே காசும் இருக்காது. அந்த வேலை பெரிய கொந்தராத்துக்காரரின் வழக்கமான தொழிலின் ஒரு பகுதி என்றால் அவரிடமே நட்டஈடு கேட்கலாம். அவர் கொடுத்துவிட்டுக் கீழே உள்ளவரிடம் அறவிட்டுக்கொள்வது அவர் பாடு. அரசாங்க வேலை என்றால் கொந்தராத்துக்காரர் வேலையாட்களுக்கு இன்சூரன்ஸ் எடுத்திருக்க வேண்டும் என்ற நிபந்தனை அநேகமாக ஒப்பந்தத்தில் இருக்கும். யார் கொந்தராத்து எடுத்தது, இன்சூரன்ஸ் இருக்கிறதா என்று அந்தப் பிரதேச சபையிடமோ திணைக்களத்திடமோ தகவல் அறியும் உரிமைச் சட்டத்தின் கீழ் எழுதிக் கேளுங்கள். 2016இன் 12ஆம் இலக்கச் சட்டம் அது, 14 வேலை நாட்களுக்குள் தகவல் தருவதா இல்லையா என்று தீர்மானித்துச் சொல்ல வேண்டும். நம்ம ஊரில் இந்தக் கடிதத்துக்கு இருக்கும் மரியாதை தனி. பெயர்ப் பலகை இல்லாத வேலைத்தளத்தின் முழு விபரமும் ஒரு பக்கத்தில் வந்து சேரும்.

ஐந்தாவது: தொழில் அலுவலகமும் நட்டஈட்டு ஆணையாளரும்

இங்கேதான் பலர் குழம்புகிறார்கள். மட்டக்களப்பு, கல்முனை, அம்பாறை ஆகிய இடங்களில் உள்ள தொழில் அலுவலகங்கள் தொழில் ஆணையாளர் நாயகத்தின் கீழ் வருபவை. சம்பளப் பாக்கி, ஈ.பி.எப், சேவைக்காலப் பணம் எல்லாம் அங்கே. வேலை விபத்து நட்டஈட்டைத் தீர்மானிப்பவர் வேலையாட்கள் நட்டஈட்டு ஆணையாளர். அவர் வேறு ஆள், அவருடைய அலுவலகம் கொழும்பு நாரஹேன்பிட்டியில். ஒரு அலுவலகத்தில் முறைப்பாடு கொடுத்தால் மற்றதிலும் கொடுத்ததாக ஆகாது.

அப்படியானாலும் முதலில் உள்ளூர்த் தொழில் அலுவலகத்துக்குப் போவதில் இலாபம் இருக்கிறது. தொழில் உத்தியோகத்தர் வேலைத்தளத்துக்குப் போய்ச் சம்பள இடாப்பைப் பார்த்தால் நீங்கள் வேலையாள் என்பதற்கு அரச பதிவு ஒன்று உருவாகிவிடும். தொழிற்சாலை என்றால் 1942இன் 45ஆம் இலக்கத் தொழிற்சாலைகள் கட்டளைச் சட்டமும் சேர்ந்துவரும். ஒருவரை மூன்று நாளைக்கு மேல் முழுச் சம்பள வேலைக்கு வர முடியாமல் ஆக்கிய விபத்தைத் தொழிற்சாலைப் பரிசோதனைப் பொறியியலாளருக்கு அறிவிப்பது முதலாளியின் கடமை. அவர் அறிவித்தாரா என்று தொழில் அலுவலகத்தில் கேளுங்கள். அறிவிக்கவில்லை என்றால் உங்கள் முறைப்பாட்டையே அந்தப் பிரிவுக்கு அனுப்பச் சொல்லுங்கள். பெல்ட்டுக்கு மூடி போட்டிருந்ததா என்று ஒரு பொறியியலாளர் வந்து பார்த்து எழுதும் அறிக்கை, நீங்கள் நூறு பக்கம் எழுதுவதை விடப் பெறுமதி.

நட்டஈட்டு ஆணையாளருக்கு அனுப்பும் விண்ணப்பத்தில் உங்கள் விபரம், முதலாளியின் சரியான பெயர், முகவரி, விபத்து நடந்த விதம், சம்பளம், காயம், கேட்கும் தொகை ஆகியவை வரும். கூடவே அடையாள அட்டைப் பிரதி, டயக்னோசிஸ் காட், மருத்துவ அறிக்கை, பொலிஸ் முறைப்பாட்டுப் பிரதி, முதலாளிக்கு அனுப்பிய கடிதமும் தபால் சிட்டையும், சம்பளத்துக்கான சாட்சிகள். எல்லாவற்றிலும் போட்டோ கொப்பியை அனுப்புங்கள், மூலப் பிரதி வீட்டில் இருக்கட்டும். விபத்து நடந்து இரண்டு வருடத்துக்குள் விண்ணப்பிக்க வேண்டும். தக்க காரணம் இருந்தால் பிந்தியதையும் ஆணையாளர் ஏற்கலாம், ஆனால் “முதலாளி தாறன் தாறன் எண்டு சொன்னவர்” என்பதை நம்பிக் காலத்தைப் போக்க வேண்டாம்.

கொழும்புக்கு அலைவதுதான் நம்மவர்களைச் சோர வைப்பது. இரவு பஸ்ஸுக்குக் காசு, கூட ஒருவருக்குக் காசு, ஒரு நாள் சம்பளமும் போகும். விண்ணப்பத்திலேயே மூன்று விஷயத்தைக் கேட்டு எழுதுங்கள். கடிதத் தொடர்பு தமிழில் வேண்டும், விசாரணையில் மொழிபெயர்ப்பாளர் வேண்டும், முடிந்தால் விசாரணையைக் கிழக்கில் வைக்க வேண்டும். கேட்டால் கிடைக்கும் என்று உத்தரவாதம் இல்லைதான். ஆனால் கேட்காதவருக்கு நிச்சயமாகக் கிடைக்காது.

சட்டத்தரணி கட்டாயம் இல்லை. ஆனால் முதலாளி சட்டத்தரணியோடு வந்தால் உங்களுக்கும் ஒருவர் இருப்பது நல்லது. 1978இல் அமைந்த சட்ட உதவி ஆணைக்குழுவுக்கு மட்டக்களப்பிலும் கல்முனையிலும் நிலையங்கள் உண்டு. வருமானம் குறைந்தவர்களுக்கு இலவசம். கிராம சேவகரிடம் வருமானக் கடிதம் எடுத்துக்கொண்டு போங்கள். “நட்டஈட்டில் இத்தனை வீதம் எனக்கு” என்று பேசி வருகிற இடைத்தரகர்கள் ஆஸ்பத்திரி வாசலிலேயே இருப்பார்கள், அவர்களிடம் மூலப் பத்திரங்களைக் கொடுக்காதீர்கள்.

கணக்கு எப்படி வரும்

இரண்டு வகை. காயம் ஆறி வேலைக்குத் திரும்பலாம் என்றால் அது தற்காலிக இயலாமை. வேலைக்குப் போகாத காலத்துக்கு அரைமாதத்துக்கு ஒரு கொடுப்பனவு என்று கணக்கு, ஐந்து வருடம் வரை போகலாம். உறுப்பு போய்விட்டால், அல்லது இருந்தும் இயங்காவிட்டால், அது நிரந்தர இயலாமை. அதற்கு மொத்தமாக ஒரு தொகை.

மொத்தத் தொகைக்கு இரண்டு அட்டவணை. ஒன்றில் உங்கள் மாதச் சம்பளம் எந்தப் படியில் வருகிறதோ அதற்கு எதிரே முழு இயலாமைக்கான தொகை இருக்கும். மற்றதில் எந்த உறுப்புக்கு எத்தனை வீதம் என்று இருக்கும். இரண்டு கண்ணும் போனால் நூறு வீதம். ஒரு கை, ஒரு கால், ஒரு கண், கட்டைவிரல் என்று இறங்கிக்கொண்டே வரும். கட்டைவிரலுக்கு மற்ற விரல்களை விடக் கூட. விளங்குவதற்காக ஒரு கணக்கு: உங்கள் சம்பளப் படிக்கு முழு இயலாமைத் தொகை 12 இலட்சம், உங்கள் காயத்துக்கு 30 வீதம் என்று வைத்துக்கொள்வோம். கிடைப்பது 3 இலட்சத்து 60 ஆயிரம். பல காயம் என்றால் வீதங்களைக் கூட்டுவார்கள், ஆனால் முழு இயலாமைத் தொகையைத் தாண்டாது.

ஆகவே சம்பளத்தைக் குறைத்துக் காட்டினால் எல்லாமே குறையும். முதலாளி “மாதம் பதினைந்து நாள்தான் வந்தவன்” என்பார். நாள் கொப்பியும் வங்கிப் புத்தகமும் அப்போதுதான் பேசும். வேலைத்தளத்தில் சாப்பாடும் தங்குமிடமும் தந்திருந்தால் அதன் பெறுமதியையும் சம்பளத்தோடு சேர்த்துக் காட்டுங்கள். இதை அநேகமானோர் விட்டுவிடுகிறார்கள்.

வீதத்துக்கான மருத்துவ அறிக்கையை அவசரப்பட்டு எடுக்க வேண்டாம். காயம் ஆறி, பிசியோதெரபி முடிந்து, இனி இதற்கு மேல் மாறாது என்று சத்திரசிகிச்சை நிபுணர் சொல்லும் கட்டத்தில்தான் சரியான வீதம் வரும். கிளினிக் திகதி ஒன்றையும் தவற விடாதீர்கள், கிளினிக் கொப்பியைத் தண்ணீர் படாமல் வையுங்கள். விரல் இருக்கிறது ஆனால் மடங்கவில்லை என்றால் அதை டொக்டரிடம் செய்து காட்டுங்கள். கோப்பை பிடிக்க முடியவில்லை, சாவி திருப்ப முடியவில்லை, மண்வெட்டிப் பிடி கையில் நிற்கவில்லை என்று வேலையோடு சேர்த்துச் சொன்னால் அறிக்கையிலும் அப்படி வரும்.

விபத்து மட்டுமில்லை, வேலையால் வரும் சில நோய்களும் சட்டத்தின் அட்டவணையில் உண்டு. ஈய நஞ்சு ஒரு உதாரணம். அங்கே நிரூபிப்பது கடினம், சட்டத்தரணி இல்லாமல் இறங்க வேண்டாம்.

முதலாளி வீட்டுக்கு வந்து பேசினால்

பேசுங்கள். சமரசம் தவறில்லை, பல வழக்குகள் அப்படித்தான் முடிகின்றன. ஆனால் ஒரு வெள்ளைக் கடதாசியில் “ஐம்பதாயிரம் பெற்றுக்கொண்டேன், இனி எந்தக் கோரிக்கையும் இல்லை” என்று எழுதி முத்திரைக்கு மேல் ஒப்பம் வைக்கும் பழக்கத்தை விடுங்கள். உரிமையை விட்டுக்கொடுப்பதாக எழுதும் ஒப்பந்தத்தை இந்தச் சட்டம் ஏற்காது. அதைச் செல்லாது என்று காட்டுவதற்கே இன்னொரு வழக்கு நடத்த வேண்டி வரும். பேசி முடித்த தொகை நியாயமானது என்றால் அதை எழுத்தில் போட்டு நட்டஈட்டு ஆணையாளரிடம் பதியச் சொல்லுங்கள். பதிந்தால் பிறகு தராமல் ஏய்க்க முடியாது. ஆஸ்பத்திரிச் செலவுக்கு, வீட்டுச் செலவுக்கு என்று தருவதை வாங்கலாம். ரசீதில் “மருத்துவச் செலவுக்காக” என்றோ “முற்பணம்” என்றோ எழுதுங்கள், அது போதும்.

தொழிலாளி இறந்துபோயிருந்தால் இதில் இன்னும் கண்டிப்பு. நட்டஈட்டை ஆணையாளரிடம்தான் வைப்பிட வேண்டும். அவர்தான் மனைவி, பிள்ளைகள், பெற்றார் என்று தங்கியிருந்தவர்களுக்குப் பிரித்துக் கொடுப்பார். செத்த வீட்டில் யாரோ ஒரு சொந்தக்காரர் கையில் உறையில் கொடுத்த காசு நட்டஈடு கொடுத்ததாக ஆகாது.

முதலாளியின் பெரிய கவலையீனத்தால்தான் விபத்து, நட்டம் இந்த உச்சத் தொகையை விட எவ்வளவோ கூட என்றால் மாவட்ட நீதிமன்றத்தில் நட்டவழக்குப் போடும் வழியும் இருக்கிறது. இரண்டையும் சேர்த்து எடுக்க முடியாது, ஒன்றைத் தெரிவு செய்ய வேண்டும். அங்கே பிழையை நிரூபிக்க வேண்டும், வருடக்கணக்கில் இழுக்கும். என் அபிப்பிராயம், பொதுவாக ஆணையாளரின் வழிதான் கூலித் தொழிலாளிக்குச் சரி. ஆனாலும் இளம் வயதில் முழுதாக இயலாமல் போனவர்கள் முடிவெடுக்க முன்னால் ஒரு சட்டத்தரணியிடம் கேட்க வேண்டும்.

இதற்கு வெளியே உள்ள காசு

நட்டஈட்டு வழக்கு நடக்கும்போதே வேறு கதவுகளையும் தட்டலாம், ஒன்று மற்றதைக் குறைக்காது. நிரந்தரமாக வேலை செய்ய இயலாமல் போனால் ஐம்பது, ஐம்பத்தைந்து வயது வரை காத்திருக்காமல் ஈ.பி.எப் காசை எடுக்கலாம், மருத்துவ சான்றிதழ் தேவை. ஈ.டி.எப் (ஊழியர் நம்பிக்கை நிதி) சபையில் அங்கத்தவர்களுக்கு நிரந்தர முழு இயலாமைக்கென ஒரு நன்மை உண்டு. பலர் கேட்பதே இல்லை. பதினைந்து பேரோ அதற்கு மேலோ வேலை செய்யும் இடத்தில் ஐந்து வருடம் முடித்தவருக்கு 1983இன் 12ஆம் இலக்கச் சட்டப்படி வருடத்துக்கு அரைமாதச் சம்பளம் என்று சேவைக்காலப் பணம் வரும். வேலை விட்டது காயத்தால் என்றாலும் வரும். “கை இல்லாதவன் எனக்கு எதுக்கு?” என்று அப்படியே நிறுத்தவும் முடியாது. அந்த அளவு ஆட்கள் உள்ள இடத்தில் ஒழுக்கக் குற்றம் அல்லாத காரணத்துக்காக நிறுத்த, தொழிலாளியின் எழுத்துச் சம்மதமோ தொழில் ஆணையாளரின் அனுமதியோ வேண்டும்.

வெளிநாட்டில் அடிபட்டு வந்தவர்களுக்கு இந்த உள்நாட்டுச் சட்டம் பொருந்தாது. அந்த நாட்டுச் சட்டப்படி முதலாளியிடம் கேட்க வேண்டும். வெளிநாட்டு வேலைவாய்ப்புப் பணியகத்தில் பதிந்து போயிருந்தால் அந்தப் பதிவோடு வரும் இன்சூரன்ஸ் இருக்கிறது. கடவுச்சீட்டு, அந்த நாட்டு ஆஸ்பத்திரி அறிக்கை, பதிவு விபரம் மூன்றையும் விமானம் ஏறுவதற்கு முன்னால் கையில் எடுத்துக்கொள்ளச் சொல்லுங்கள். வந்தபிறகு அங்கிருந்து எடுப்பது பெரும் பாடு.

மாற்றுத்திறனாளிகளுக்கான மாதக் கொடுப்பனவுக்கும், சக்கர நாற்காலி, செயற்கைக் கால் போன்ற உபகரணங்களுக்கும் பிரதேச செயலகத்தில் சமூக சேவை உத்தியோகத்தரைச் சந்திக்க வேண்டும். கிராம சேவகரின் கடிதம், மருத்துவ அறிக்கை, அடையாள அட்டை, வங்கிப் புத்தகத்தின் முதல் பக்கப் பிரதி கொண்டுபோங்கள். உத்தியோகத்தர் கிழமையில் சில நாள் வெளிக்களத்தில் இருப்பார், அதனால் எந்த நாள் கந்தோரில் இருப்பார் என்று கிராம சேவகரிடம் கேட்டுவிட்டுப் போங்கள்.